கல்யாண கேசட்டும் பந்தி முகங்களும்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

வேலூர், குடியாத்தம், ஆம்பூர், ஆரணி பக்கத்து வீடுகளில் பரணில் கிடக்கும் பழைய கல்யாண வீடியோ கேசட்டுகளையும், பழைய செல்போன்களில் தங்கிப்போன சின்னச் சின்ன வீடியோக்களையும் வைத்து நகரும் படங்கள் செய்கிறேன். தெருவிலோ மண்டபத்திலோ திரையிட்டு முடித்ததும் வந்து கேட்பவர்கள், கேசட்டைக் கையில் வைத்துக்கொண்டு போன் செய்பவர்கள், கலை படிக்க நினைக்கும் பிள்ளைகள் எனப் பலரும் திரும்பத் திரும்பக் கேட்பவற்றுக்கு இங்கே பதில் எழுதியிருக்கிறேன்.

நீங்கள் செய்வது சினிமாவா, குறும்படமா, ஆவணப்படமா?

மூன்றும் இல்லை. கதை கிடையாது, நடிப்பவர் கிடையாது, பின்னால் ஒருவர் விளக்கிச் சொல்லும் குரலும் கிடையாது. சில நிமிடங்கள் ஓடும் ஒரு படத்துண்டு, முடிந்ததும் மறுபடி முதலிலிருந்து ஓடும். நீங்கள் எப்போது வேண்டுமானாலும் வந்து நிற்கலாம், போகலாம், மறுபடி வரலாம். பக்கத்தில் நிற்பவரோடு பேசலாம். பேச வேண்டும் என்றுதான் ஆசைப்படுகிறேன்.

இந்த வகைக்கு வீடியோ கலை என்று பெயர். கொரியாவில் பிறந்த நாம் ஜூன் பைக் 1963-இல் ஜெர்மனியில் தொலைக்காட்சிப் பெட்டிகளையே கலைப்பொருளாகக் காட்சிக்கு வைத்தார். இந்தியாவில் இதை நெடுங்காலமாகச் செய்து வருபவர் நளினி மலானி. 1946-இல் கராச்சியில் பிறந்து, பிரிவினையால் குடும்பத்தோடு இந்தப் பக்கம் வந்தவர். சுழலும் உருளைகளில் தீட்டிய ஓவியங்களின் நிழலும் வீடியோவும் ஒன்றின்மேல் ஒன்று விழும்படி அவர் அமைத்த அறைகளைப் பற்றிப் படித்தபோதுதான், ஊரை விட்டு வந்தவர்களின் நினைவை இப்படியும் சொல்ல முடியும் என்று எனக்குத் தெரிந்தது.

நான் தொழில் கற்ற இடம் வேறு. கல்யாண வீடியோ மிக்ஸிங் செய்யும் கடையில் வேலை பார்த்தேன். பூ விரிந்து அதற்குள் மணமக்கள் தெரிவது, இதய வடிவம் சுருங்கி அடுத்த காட்சி வருவது எல்லாம் என் கையாலும் நடந்திருக்கின்றன. அந்தக் கடையில்தான் முகங்களைப் பார்க்கக் கற்றுக்கொண்டேன்.

ஏன் குறிப்பாகக் கல்யாண கேசட்?

எங்கள் பக்கத்தில் பெரும்பாலான வீடுகளில் வேறு எதுவும் இல்லை என்பதால்.

நாட்குறிப்பு எழுதியவர்கள் யாரும் இல்லை. கடிதங்களைக் கட்டி வைக்கவில்லை. நிலப் பத்திரத்தில் பெயர் வரும் அளவுக்கு நிலமும் இல்லை. பீடி சுற்றியவர்கள், கைலி நெய்தவர்கள், தோல் ஷாப்பில், அதாவது தோல் பதனிடும் இடத்தில், நின்றவர்கள், தீப்பெட்டி ஒட்டியவர்கள். இவர்கள் வீட்டுக்குள் கேமரா ஒன்று வந்து முழு நாளும் இருந்தது என்றால் அது யாராவது ஒருவரின் கல்யாணத்தன்றுதான்.

வீடியோ கேசட்டில் நம் ஊரில் எல்லோருக்கும் தெரிந்தது விஎச்எஸ். ஜப்பானில் 1976-இல் வெளிவந்தது. எண்பதுகளில் இங்கே முதலில் சினிமா பார்க்கத்தான் வந்தது. டெக்கையும் (கேசட் ஓட்டும் கருவி) டிவியையும் ஒரு ராத்திரிக்கு வாடகைக்கு எடுத்து, தெருவே உட்கார்ந்து விடிய விடிய மூன்று படம் பார்த்தது பலருக்கு ஞாபகம் இருக்கும். அப்புறம் கல்யாணத்துக்கு கேமரா வந்தது. தோளில் கேமரா, பக்கத்தில் கண்ணைப் பறிக்கும் சன் கன் லைட், லைட்டைத் தூக்கிப் பிடிக்க ஒரு பையன், ஒயரைச் சுருட்டிக்கொண்டு பின்னால் ஓட இன்னொரு பையன். 180 நிமிட கேசட்டில் ஒரு குடும்பம் முழுக்க அடங்கியது. அதற்கு முன்னால் அந்தக் குடும்பத்தில் பலருக்கு ஸ்டூடியோவில் விறைத்து நின்ற ஒரு கறுப்பு வெள்ளைப் படம்கூடக் கிடையாது. நடந்தபடி, சிரித்தபடி, யாரையோ திட்டியபடி அவர்கள் பதிவானது அந்த ஒரு நாளில் மட்டும்தான்.

பந்தி, பந்தி என்று அடிக்கடி சொல்கிறீர்களே. அதில் என்ன இருக்கிறது?

கல்யாண கேசட்டில் எனக்கு மிக முக்கியமான இடம் அதுதான். கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன்.

மேடையில் யார் நிற்க வேண்டும், எந்த வரிசையில் வர வேண்டும், யார் பரிசு கொடுக்கும்போது கேமரா நிற்க வேண்டும் என்பதெல்லாம் முன்பே முடிவானவை. பணம், உறவு, ஊர்ப் பெரியவர் என்ற கணக்கு அது. சன் கன் வெளிச்சமும் அந்தக் கணக்கின்படிதான் விழும். ஆனால் பந்தி ஷாட்டில் கேமராக்காரர் இலை வரிசையின் ஒரு முனையில் தொடங்கி மறுமுனைவரை நடந்துகொண்டே எடுப்பார். ஒவ்வொருவருக்கும் ஒரு விநாடி, இரண்டு விநாடி. மாமனாருக்கும் அதே இரண்டு விநாடி, யாரோ தூரத்து ஒன்றுவிட்ட பெரியப்பாவுக்கும் அதே இரண்டு விநாடி. சிலர் வெட்கப்பட்டு முந்தானையால் வாயை மூடுவார்கள். சிலர் வாயில் வைத்த சோற்றை மெல்லாமல் அப்படியே நிறுத்துவார்கள். பக்கத்துக் குழந்தையின் முகத்தை லைட்டின் பக்கம் திருப்பிவிடுவார்கள். வயதானவர்கள் மட்டும் நேராகப் பார்ப்பார்கள், எதையும் மறைக்காமல்.

பால் (PAL) என்ற, நம் ஊர் டிவி முறையில் பதிவான வீடியோவில் விநாடிக்கு 25 சட்டகங்கள், அதாவது 25 தனித்தனிப் படங்கள். இரண்டு விநாடி முகம் என்றால் 50 சட்டகங்கள். ஒவ்வொன்றையும் ஒரு விநாடி நிறுத்தினால் அந்த முகம் கிட்டத்தட்ட ஒரு நிமிடம் நம் முன் இருக்கும். நான் செய்வது முக்கியமாக இதுதான். வேகத்தைக் குறைத்து, கேமரா தாண்டிப்போன முகத்தை நிற்க வைக்கிறேன். வேகமாக ஓடும்போது ஒரு பாட்டி சும்மா சாப்பிடுவதுபோலத் தெரியும். நிறுத்திப் பார்த்தால் அவர் பக்கத்து இலையில் இருப்பவருக்குத் தன் லட்டைத் தள்ளி வைக்கிறார்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். கடைசிப் பந்தி எந்தக் கேசட்டிலும் இருப்பதில்லை. சமையல்காரர், மேளக்காரர், இலை எடுத்தவர், பாத்திரம் கழுவிய பெண்கள், லைட் பிடித்த அந்தப் பையன், எல்லோரும் அப்போதுதான் சாப்பிடுவார்கள். கேமராக்காரரும் அப்போதுதான் சாப்பிட உட்காருவார். சிலருக்குப் பந்தியில் இடமே கிடையாது. கொல்லைப் பக்கம் நின்று பாத்திரத்தில் வாங்கிக்கொண்டு போனார்கள். அதனால் நான் ஓரங்களைத் தேடுகிறேன். சாம்பார் வாளியோடு சட்டகத்துக்குள் நுழைந்து வெளியேறும் ஒரு கை. கதவுக்குப் பின்னால் பாதி முகம். அடுப்புப் புகைக்கு நடுவே திரும்பிப் பார்க்கும் ஒரு முதுகு. இவற்றுக்கும் அதே ஒரு நிமிடத்தைக் கொடுக்கிறேன்.

அடையாளம் என்று எதைச் சொல்கிறீர்கள்? சாதியையா, மொழியையா, ஊரையா?

மூன்றும் கலந்துதான் வரும். சாதியைத் தவிர்த்துவிட்டு இந்தக் கேசட்டுகளைப் பார்க்கவே முடியாது. பந்தியைப் பற்றி மேலே சொன்னதே போதும். மொழி என்று பார்த்தால், எங்கள் பக்கத்தில் வீட்டுக்குள் தெலுங்கு, தெருவில் தமிழ் என்று பேசுகிற குடும்பங்கள் நிறைய. ஆம்பூர், வாணியம்பாடி, பேரணாம்பட்டில் உருது பேசும் வீடுகள். ஒரே கேசட்டில் மாப்பிள்ளை வீட்டார் ஒரு மொழியில் கேலி செய்ய, பெண் வீட்டார் வேறொரு மொழியில் பதில் சொல்வதைக் கேட்டிருக்கிறேன்.

ஊர் விஷயம் இன்னும் சுவாரசியம். 1989-இல் வட ஆற்காடு மாவட்டம் பிரிந்தது. ஒரு பாதி திருவண்ணாமலை சம்புவராயர் மாவட்டம், மறுபாதி வட ஆற்காடு அம்பேத்கர் மாவட்டம். தொண்ணூறுகளில் அது வேலூர் மாவட்டம் ஆனது. 2019-இல் வேலூர், ராணிப்பேட்டை, திருப்பத்தூர் என்று மூன்றாகப் பிரிந்தது. வாலாஜாபேட்டையில் ஒரே வீட்டில் வாழ்ந்த ஒருவருக்கு, வாசல்படி மாறாமலே முகவரியில் நான்கு மாவட்டப் பெயர்கள். கல்யாணப் பத்திரிகைகளை வரிசையாக அடுக்கி, முகவரி வரியை மட்டும் படமாக்கி ஒரு படைப்பு செய்தேன். பார்க்க வந்தவர்கள் தங்கள் பள்ளிச் சான்றிதழ்களைத் தேடிக் கொண்டுவந்து காட்டினார்கள்.

நான் அடையாளத்தைப் புரிந்துகொண்டது தெருக்கூத்திலிருந்து. வட ஆற்காட்டுக் கூத்தில் ராஜா நேராக மேடைக்கு வந்துவிட மாட்டார். இரண்டு பேர் ஒரு துணியைத் திரையாகப் பிடிப்பார்கள். அதன் பின்னால் நின்று பாட்டு. மேலே கிரீடம் தெரியும், கீழே சலங்கைக் கால் தெரியும், முகம் தெரியாது. கட்டியங்காரன் “வந்திருப்பது யார்?” என்று கேட்பான். அப்புறம்தான் தான் இன்னார், இன்னாரின் மகன், இந்த நாட்டை ஆள்பவன் என்று அவர் தன்னைச் சொல்லிக்கொள்வார். துரியோதனனே ஆனாலும் ஒருவர் கேட்டால்தான் தன்னைச் சொல்ல முடியும். கேசட்டில் இருப்பவர்களை நோக்கி அந்தக் கேள்வியைக் கேட்க யாராவது வேண்டும் இல்லையா? என் வேலை அந்தக் கட்டியங்காரன் வேலை என்றே நினைக்கிறேன்.

திரைக்குப் பதிலாக வேட்டியைப் பயன்படுத்துவது அதனால்தானா?

ஆமாம். எட்டு முழ வேட்டியை இரண்டு பேர் பிடிப்பார்கள், அல்லது இரண்டு கம்பங்களில் கட்டுவோம். துணி மெல்லியது என்பதால் படம் பின்பக்கமும் தெரியும், ஆனால் இடம் வலமாக மாறி. முன்னால் நாற்காலி போட்டால் பெரியவர்கள் உட்காருகிறார்கள். பிள்ளைகள் பின்னால் போய்ப் பார்க்கிறார்கள். காற்று அடித்தால் முகங்கள் அசையும். அது எனக்குப் பிடிக்கும். ஏழு மணிக்கு மேல் இருட்டியதும் ஆரம்பிப்போம். அதற்கு முன்னால் தெருவிளக்கை அணைக்க யாரிடம் கேட்க வேண்டும் என்று கண்டுபிடிப்பதுதான் பெரிய வேலை.

படத்தின் மேல் பெயர்கள் எழுதப்பட்டிருக்கின்றனவே, அவை எப்படி வந்தன?

முதலில் அந்தந்த வீட்டில், பிறகு அந்தத் தெருவில், பெயர் போடாமல் திரையிடுவேன். முகம் ஒரு நிமிடம் நிற்கும்போது யாராவது சொல்லிவிடுவார்கள். “இது நம்ம பெரிய ஆயா இல்ல?” என்று ஒருவர் ஆரம்பித்தால், “இல்ல, அவங்க தங்கச்சி, மேல்பட்டியில குடுத்தாங்களே” என்று இன்னொருவர் திருத்துவார். சண்டைகூட வரும். அதையெல்லாம் ஒலிப்பதிவு செய்வேன். எல்லோரும் ஒத்துக்கொண்ட பெயரை அடுத்த திரையிடலில் முகத்தின் கீழே எழுதுவேன். யாருக்கும் தெரியாவிட்டால் “பெயர் கிடைக்கவில்லை” என்று எழுதி, அடுத்த ஊரில் மறுபடி காட்டுவேன்.

இந்த எண்ணத்துக்கு வழி காட்டியது நடுகல். பழைய வட ஆற்காட்டில், செங்கம் வட்டாரத்தில், பல்லவர் காலத்து நடுகற்கள் ஏராளம். எந்த ராஜாவின் எத்தனையாவது ஆண்டு, எந்த ஊர், மாடு மீட்கப் போய் யார் செத்தான் என்று வட்டெழுத்தில் வெட்டி வைத்திருக்கிறார்கள். எடுத்தனூரில் மகேந்திரவர்ம பல்லவன் காலத்து நடுகல் ஒன்று இருக்கிறது. அதில் வீரனோடு ஒரு நாயின் உருவமும் இருக்கிறது. கோவிவன் என்ற நாய், இரண்டு கள்ளர்களைக் கடித்துக் காத்து நின்றது என்று எழுதியிருக்கிறது. 7ஆம் நூற்றாண்டு நாயின் பெயர் நமக்குத் தெரிகிறது. 1991-இல் எடுத்த கேசட்டில் நாள் முழுக்க காய் நறுக்கிக்கொண்டிருந்த பெண்ணின் பெயர் அந்த வீட்டிலேயே யாருக்கும் தெரிவதில்லை. எனக்கு இது பொறுக்க முடியாததாக இருக்கிறது.

கேசட் கெட்டுப்போவதைப் பற்றித்தான் எல்லோரும் கவலைப்படுகிறார்கள். பெயர் தெரிந்தவர்கள் அதைவிட வேகமாகப் போய்க்கொண்டிருக்கிறார்கள். பெயர் சொல்ல ஆள் இல்லாமல் போன பிறகு, எவ்வளவு தெளிவாக இருந்தாலும் அந்த வீடியோ யாரோ ஒரு கூட்டத்தின் வீடியோதான்.

வேலூர் என்றால் கோட்டை, 1806. அதைப் பற்றி ஏன் எடுக்கவில்லை?

கோட்டை என் படங்களில் வருகிறது. அகழிக்கரையில் மணமக்களை நிற்க வைத்து எடுத்த அவுட்டோர் காட்சிகள் எத்தனையோ கேசட்டுகளில் உண்டு. 1806 ஜூலை 10 சிப்பாய் எழுச்சிக்கு நினைவுத்தூண் இருக்கிறது, புத்தகங்கள் இருக்கின்றன, பாடத்தில் வருகிறது. அதை நான் சொல்லித்தான் தெரிய வேண்டும் என்பதில்லை. ஆனால் ஒன்றை மறக்க முடியவில்லை. சிப்பாய்கள் நெற்றியில் குறி இடக்கூடாது, தாடி வைக்கக்கூடாது, தோல் சின்னம் வைத்த புதுத் தலைப்பாகை அணிய வேண்டும் என்ற உத்தரவுதான் உடனடிக் காரணமாக இருந்தது. முகத்திலும் தலையிலும் என்ன இருக்க வேண்டும் என்று இன்னொருவர் முடிவு செய்தபோது கோட்டை பற்றிக்கொண்டது.

பாலாறு பற்றிய படம் கல்யாண கேசட் இல்லையே?

இல்லை. அது முழுக்க செல்போன் வீடியோ.

பாலாறு கர்நாடகத்தில் நந்தி மலைப் பக்கம் பிறந்து, ஆந்திரம் வழியாக நம்மிடம் வருகிறது. எங்கள் தலைமுறைக்கு அது மணலும் சீமைக் கருவேலமும்தான். தோல் ஷாப் கழிவால் நிலத்தடி நீர் கெட்டதைப் பற்றி வேலூர் குடிமக்கள் நல மன்றம் தொடுத்த வழக்கில், 1996 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் முக்கியமான தீர்ப்பு கொடுத்தது. மாசுபடுத்தியவரே அதற்கு விலை கொடுக்க வேண்டும் என்ற கொள்கை இந்த நாட்டுச் சட்டத்தின் பகுதி என்று சொன்ன தீர்ப்பு அது. இந்தியா முழுக்க சட்டக் கல்லூரிகளில் எங்கள் ஊர்ப் பெயரில் அது படிக்கப்படுகிறது.

2021 நவம்பரில் ஆறு நிரம்பி ஓடியது. பாலத்தின் மேல் ஊரே நின்றது. எல்லோர் கையிலும் போன். நாற்பது வயதுக்காரர்கள் முதல் தடவையாகத் தங்கள் ஆற்றில் இரண்டு கரையும் தொட்டு ஓடும் தண்ணீரைப் பார்த்தார்கள். அந்த வீடியோக்களை வாங்கிச் சேர்த்தேன். தண்ணீரைவிட அதில் கேட்கும் குரல்கள்தான் எனக்கு முக்கியம். “தோ பாருப்பா, இன்னா தண்ணி!” என்று ஒரு பெண் யாருக்கோ வீடியோ காலில் காட்டுகிறார். ஒரு பெரியவர் தான் சிறுவயதில் எந்த இடத்தில் குளித்தேன் என்று விரலை நீட்டுகிறார். அவர் காட்டும் இடத்தில் அலை மட்டும் தெரிகிறது. பலவும் நெட்டுவாக்கில் எடுத்தவை. அவற்றை அகலப்படுத்தாமல் பக்கம் பக்கமாக நிறுத்தினேன். நதி துண்டு துண்டாக, ஒவ்வொருவர் கையகலத்தில் ஓடுகிறது. பழைய செல்போன்களில் கிடைத்த வறண்ட ஆற்றுக் காட்சிகளும் நடுவே வரும். 176க்கு 144 புள்ளிகள் மட்டுமே கொண்ட, 3ஜிபி (3GP) என்ற பழைய செல்போன் வடிவ வீடியோக்கள் அவை.

படம் மங்கலாக இருக்கிறது. ஏஐ வைத்துத் தெளிவாக்கிவிடலாமே?

இதைத்தான் இப்போது அதிகம் கேட்கிறார்கள். என் பதில் உறுதியானது: முகத்தைத் தொட மாட்டேன்.

விஎச்எஸ் பதிவில் நுணுக்கம் சுமார் 240 வரி அளவுதான். பந்தியில் கொஞ்சம் தள்ளி உட்கார்ந்திருப்பவரின் முகத்துக்கு அதில் கிடைப்பது சில வரிகள். அதற்குமேல் விவரம் அந்த நாடாவில் இல்லவே இல்லை. மென்பொருள் தெளிவாக்குகிறது என்றால், வேறு எங்கோ பார்த்துப் பழகிய முகங்களிலிருந்து ஒரு மூக்கையும் ஒரு கண்ணையும் தருகிறது என்று அர்த்தம். ஒரு வீட்டில் அப்படி மாற்றிக் கொடுத்த வீடியோவைப் பார்த்தார்கள். பளிச்சென்று இருந்தது. அந்த வீட்டு அம்மா தன் தாயை அதில் அடையாளம் காணவில்லை. பழைய மங்கல் காட்சியில் நடையை வைத்தே கண்டுபிடித்துவிட்டார். நடுங்கும் படத்தை நிலைப்படுத்துவேன், நிறம் வெளிறியிருந்தால் கொஞ்சம் சரி செய்வேன். அதோடு நிறுத்திக்கொள்வேன்.

இறந்தவர்களை, பிரிந்துபோன தம்பதிகளை எல்லாம் ஊர் முன்னால் காட்டலாமா?

கேட்டுவிட்டுத்தான் காட்ட வேண்டும். கேசட்டைக் கொண்டுவருபவர் பெரும்பாலும் ஆண். கல்யாணப் பெண்ணிடம் கேட்டாயிற்றா என்றால் “அவங்க என்ன சொல்லப் போறாங்க” என்பார். நான் அந்தப் பெண்ணிடம் நேரில் கேட்காமல் எதையும் தொடுவதில்லை. அந்த நாளை மறுபடி பார்க்கவே விரும்பாத பெண்கள் இருக்கிறார்கள். அவர்கள் வேண்டாம் என்றால் அந்தக் கேசட் அப்படியே திரும்பிப் போகும். திரையில் தெரியும் வேறு யாராவது வேண்டாம் என்றாலும் அவர் வரும் பகுதியை எடுத்துவிடுவேன். காரணம் கேட்பதில்லை. இதனால் நல்ல காட்சிகள் போயிருக்கின்றன. போகட்டும்.

இறந்தவர்களைப் பொறுத்தவரை, நெருங்கிய சொந்தக்காரர் முதலில் தனியாகப் பார்க்க வேண்டும் என்று சொல்வேன். தெருவில் திடீரென்று கணவரின் முகம் வந்து நின்றால் தாங்க முடியாது. சிலர் தனியாகப் பார்த்துவிட்டு, எல்லோரும் பார்க்கட்டும் என்று அவர்களே நாற்காலி போட வருவார்கள்.

இந்த வீடியோ யாருக்குச் சொந்தம்? எடுத்த ஸ்டூடியோவுக்கா?

1957-ஆம் ஆண்டு பதிப்புரிமைச் சட்டப்படி, வேறு ஒப்பந்தம் எதுவும் இல்லையென்றால், பணம் கொடுத்து எடுக்கச் சொன்னவரே முதல் உரிமையாளர். கல்யாண வீடியோ என்றால் அந்தக் குடும்பம். ஆனால் மிக்ஸிங்கில் சேர்த்த சினிமாப் பாட்டுக்கு உரிமை தனி. யூடியூபில் ஏற்றினால் ஒலி முடங்குவதற்கு அதுதான் காரணம். எனக்கு அதைவிடப் பெரிய வருத்தம், பாட்டு போட்டபோது அடியில் இருந்த கூட்டத்தின் பேச்சை அழித்துவிட்டார்கள் என்பது. மிக்ஸிங் செய்யாத மூல கேசட் கிடைத்தால் எனக்கு அது புதையல்.

எங்கள் கேசட்டை எப்போதோ சிடியாக மாற்றிவிட்டோம். கேசட்டைத் தூக்கிப் போடலாமா?

தயவுசெய்து போடாதீர்கள். 2000-ஐ ஒட்டிய வருடங்களில் கடைகள் மாற்றிக் கொடுத்தது பெரும்பாலும் விசிடி. அதன் அளவு 352க்கு 288 புள்ளிகள். முழு அளவுப் படம் 720க்கு 576. அதாவது புள்ளிக் கணக்கில் ஏறக்குறைய கால்பங்கு. வேகமாக அசையும் இடமெல்லாம் கட்டம் கட்டமாக உடைந்திருக்கும். எழுதிய சிடியில் இருக்கும் சாயமும் வெயிலில் மங்கும். மூலம் கேசட்தான்.

இப்போது மாற்றுவதாக இருந்தால் கடைக்காரரிடம் எம்பி4 மட்டும் வாங்காமல், டிவி (DV) என்ற டிஜிட்டல் வீடியோ வடிவத்திலோ சுருக்கப்படாத வடிவத்திலோ ஒரு பிரதி கேளுங்கள். டிவி (DV) வடிவத்தில் ஒரு மணி நேரத்துக்குச் சுமார் 13 ஜிபி ஆகும். சுருக்காமல் எடுத்தால் 75 ஜிபி வரை போகும். இன்றைய ஹார்டு டிஸ்க் விலைக்கு இது பெரிதில்லை. மூன்று பிரதி வையுங்கள், அதில் ஒன்று வேறு ஊரில் இருக்கும் சொந்தக்காரர் வீட்டில் இருக்கட்டும். டெக் தயாரித்துக்கொண்டிருந்த கடைசிப் பெரிய நிறுவனமான ஜப்பானின் ஃபுனாய் 2016-இல் நிறுத்திவிட்டது. ஓடுகிற டெக்குகள் குறைந்துகொண்டே போகின்றன. இன்னும் தள்ளிப் போடாதீர்கள்.

கேசட்டில் வெள்ளையாகப் பூத்திருக்கிறது. ஓட்டிப் பார்க்கலாமா?

கூடாது. அது பூஞ்சை. ஓட்டினால் டெக்கின் தலைப்பகுதி முழுக்க ஒட்டிக்கொண்டு அடுத்து போடும் கேசட்டுக்கும் போகும். டெக்குக்குள் தலைப்பகுதி பொருந்திய உருளை நிமிடத்துக்கு 1500 சுற்று சுற்றுகிறது. பூஞ்சையால் ஒட்டிக்கொண்ட நாடா அதில் கிழிந்தும் போகலாம். கேசட்டைத் தனியாக ஒரு பையில் போட்டு, காய்ந்த இடத்தில் நட்டுக்குத்தலாக நிறுத்தி வையுங்கள். சுத்தம் செய்யத் தெரிந்தவரிடம் கொடுங்கள்.

வேலூர் வெயிலில் பரண் மிக மோசமான இடம். ஓட்டுக்கு அடியில் மே மாதச் சூடு, அப்புறம் மழைக்கால ஈரம். காந்தத் துகளை பாலியெஸ்டர் நாடாவோடு பிடித்து வைத்திருக்கும் பசை ஈரத்தில் பிசுபிசுத்துப் போகும். பீரோவின் நடுத்தட்டு நல்லது. டிவிக்குப் பக்கத்திலும் ஸ்பீக்கர் மேலும் வேண்டாம்.

இதில் வருமானம் உண்டா?

இந்தப் படைப்புகளிலிருந்து மிகக் குறைவு. கல்யாண வேலைகள் இன்னும் எடுக்கிறேன், எடிட்டிங் சொல்லிக் கொடுக்கிறேன். தெருத் திரையிடலுக்குக் காசு வாங்குவதில்லை.

இதைப் படிக்க எங்கே போகலாம்?

சென்னையில் 1850-இல் தொடங்கிய அரசு கவின் கலைக் கல்லூரி இருக்கிறது, கும்பகோணத்திலும் அரசு கவின் கலைக் கல்லூரி உண்டு. கேமராவும் எடிட்டிங்கும் முறையாகக் கற்கத் தரமணியில் அரசுத் திரைப்படக் கல்லூரி. செலவு செய்ய முடியும் என்றால் அகமதாபாத்தில் தேசிய வடிவமைப்பு நிறுவனம், புனேயில் திரைப்பட, தொலைக்காட்சி நிறுவனம். போக முடியாதவர்கள் பக்கத்து மிக்ஸிங் கடையில் ஆறு மாதம் உட்காருங்கள். கையில் இருக்கும் போனில் உங்கள் பாட்டியை அவர் வேலை செய்யும்போது, ஒரே இடத்தில் கேமராவை வைத்து, பத்து நிமிடம் வெட்டாமல் எடுங்கள். பாட்டு சேர்க்காதீர்கள்.

எங்கள் கேசட்டைக் கொடுக்க விரும்புகிறோம். என்ன செய்ய வேண்டும்?

ஓட்டிப் பார்க்காமல் அப்படியே கொண்டுவாருங்கள். கல்யாணப் பத்திரிகை கிடைத்தால் கூடவே வையுங்கள். தேதியும் ஊரும் அதில்தான் சரியாக இருக்கும். மொய் நோட்டு இருந்தால் அதையும் எடுத்து வாருங்கள். பந்தியில் இருப்பவர்களின் பெயர்களுக்கு அதைவிட நல்ல பட்டியல் இல்லை. முகவரிகளும் உறவும் அதில் இருக்கும். பக்கங்களைப் படம் எடுத்துக்கொண்டு நோட்டை அன்றே திருப்பித் தந்துவிடுவேன். பிரதி எடுத்த பிறகு கேசட்டும் உங்களிடமே வரும், கூடவே ஒரு முழுப் பிரதியும்.

வீட்டில் வயதானவர் யாராவது இருந்தால் அவரால் வர முடியுமா என்று முதலில் கேளுங்கள். முடியாவிட்டால் சொல்லுங்கள், நான் டெக்கோடு உங்கள் வீட்டுக்கு வருகிறேன். ஒரு சுவிட்ச் போர்டும் ஒரு மேஜையும் போதும். அந்தக் கல்யாணத்தில் சமைத்தவர் யார், இலை எடுத்தவர் யார், லைட் பிடித்த பையன் எந்த ஊர் என்று அதற்குள் கொஞ்சம் விசாரித்து வையுங்கள்.